வீட்டு வேலையாட்களில் ஒற்றர்: ஆளைத் துரத்துவதா, தாளைத் துரத்துவதா?

ஒற்றர் கதை என்றாலே நமக்கு ஒரு காட்சி தயாராக இருக்கிறது. பெரிய மாளிகை. ரகசியம் வெளியே போய்விட்டது. வீட்டுக்காரர் வேலையாட்களை வரிசையாக நிறுத்தி, ஒவ்வொரு முகமாகப் பார்த்துக்கொண்டே வருகிறார். கடைசியில் நிற்பவருக்கு நெற்றியில் வியர்வை. அவர்தான்! சீரியலுக்கு இது போதும். ஆனால் வரலாற்று நிகழ்வுகளைப் பேசும்போதும் இதே காட்சியை மனதில் வைத்துக்கொண்டுதான் பலர் பேசுகிறார்கள். "வேலைக்காரன் காட்டிக் கொடுத்தான்" என்று ஒரே வரியில் முடித்துவிடுகிறார்கள்.

வீட்டு வேலையாட்கள் ஒற்றர்களாக இருந்ததுண்டு. அதில் சந்தேகமில்லை. ஆனால் அவர்களில் பலர் வருடக்கணக்கில் கண்ணெதிரே தப்பித்தார்கள். சந்தேகிக்கப்பட்டவர்களில் பலர் ஒன்றும் செய்யாதவர்கள். இரண்டும் எப்படி ஒரே இடத்தில் நடக்கிறது என்பதைத்தான் இங்கே முதலிலிருந்து பார்க்கப் போகிறோம். உளவுத் துறை அனுபவமெல்லாம் தேவையில்லை.

## காணாமல் போன மோதிரமும் காணாமல் போகாத ரகசியமும்

நம் வீட்டில் ஒரு மோதிரம் காணவில்லை என்று வையுங்கள். முதல் பார்வை யார் மேல் போகும்? பாத்திரம் தேய்க்க வரும் அக்கா மேல்தான். கடைசியாக யார் கழற்றினார்கள், எங்கே வைத்தார்கள், அதற்கப்புறம் அந்த அறைக்குள் யாரெல்லாம் போனார்கள் என்ற கேள்விகள் பிறகு வரும். பல வீடுகளில் வருவதே இல்லை. சில நாள் கழித்து வாஷிங் மெஷினின் ரப்பர் மடிப்பில் மோதிரம் அகப்படும். அதற்குள் அந்த அக்கா வேலையை விட்டே போயிருப்பார்.

ஒற்றர் விஷயத்திலும் இதே வரிசைப் பிசகுதான் நடக்கிறது. முதலில் ஆள், பிறகு காரணம். ஆனால் ஒரு பெரிய வித்தியாசம் உண்டு. மோதிரம் போனால் பெட்டி காலியாக இருக்கும். ரகசியம் போனால் எதுவுமே குறையாது. தாள் பெட்டியில் மடிப்புக் கலையாமல் இருக்கும். அதில் எழுதியிருந்தது மட்டும் இன்னொரு ஊரில் இன்னொருவர் மேசையில் இருக்கும். திருட்டு நடந்ததே தெரியாமல் மாதக்கணக்கில் ஓடிவிடும். தெரிய வரும்போது பதற்றம் அதிகம், தடயம் குறைவு. அந்த வெற்றிடத்தை நிரப்புவது நம் முன்முடிவுகள்தான்.

## சில சொற்கள், ஒரே ஒரு முறை

ஒரு வீட்டுக்கோ அலுவலகத்துக்கோ உள்ளேயிருந்து, அங்கே நடப்பதை அங்குள்ளவர்களுக்குத் தெரியாமல் வெளியாளுக்குக் கொடுப்பவரை உள்ளாள் என்போம். அவரிடமிருந்து வாங்கிக்கொண்டு, பணமோ கட்டளையோ தருபவர் நடத்துநர். ஒரு தகவல் இருக்கும் இடத்துக்கு ஒருவரால் போக முடிகிறதா, எவ்வளவு நேரம், யாரும் பார்க்காமல் போக முடிகிறதா என்பதையெல்லாம் சேர்த்து அணுகல் என்போம். ரகசியம் வெளியே போனது கசிவு. இந்த நான்கும் போதும்.

உள்ளாள் என்றால் எல்லாரும் ஒரே வேலையைச் செய்வதில்லை. "நேற்று யார் விருந்துக்கு வந்தார்கள், ஐயா எப்போது ஊருக்குப் போகிறார்" என்று கேட்டதைச் சொல்பவர் உண்டு. சர்வாதிகார நாடுகளில் வெளிநாட்டுத் தூதர் வீட்டில் வேலை பார்ப்பவருக்கு இதைத் தவிர வேறு வழியும் இருக்காது. சொல்லாவிட்டால் வேலை போகும், அதைவிட மோசமானதும் நடக்கும். இவரை ஒற்றர் என்று கூப்பிடுவது எனக்கு உவப்பில்லை. அடுத்து, குப்பையையோ கடிதத்தையோ ஓரிடத்திலிருந்து இன்னோரிடத்துக்குக் கொண்டு சேர்ப்பவர் உண்டு. அதில் என்ன இருக்கிறது என்று அவருக்கே தெரியாமலிருக்கலாம். கடைசியாக, பூட்டைத் திறந்து ஆவணத்தை எடுத்துப் படம் பிடித்துவிட்டுத் திரும்ப வைப்பவர். கதைகளில் வருபவர் இவர் மட்டும்தான். நிஜத்தில் இவர்தான் ஆக அபூர்வம்.

## ஏன் வேலையாட்கள்?

அணுகல்தான் காரணம். கௌடில்யரின் அர்த்தசாஸ்திரம் இதை மறைக்காமல் எழுதி வைத்திருக்கிறது. அதிகாரிகளின் வீட்டுக்குள் நடப்பதை அறிய யாரை வைக்க வேண்டும் என்று அது தரும் பட்டியலில் சமையல்காரர், குளிப்பாட்டுபவர், உடம்பு பிடித்து விடுபவர், படுக்கை விரிப்பவர், நாவிதர், தண்ணீர் கொண்டு வருபவர் என்று வரிசையாக வருகிறார்கள். படுக்கை விரிப்பவரை யாரும் "இங்கே என்ன வேலை?" என்று கேட்பதில்லை. அவருக்கு அங்கேதான் வேலை.

பாரிஸில் இருந்த ஜெர்மன் தூதரகத்தில் 1890களில் மாரி பாஸ்தியான் என்ற பெண் துப்புரவு வேலை பார்த்தார். படிப்பறிவு இல்லாத அப்பாவி என்று எல்லாரும் நினைத்திருந்தார்கள். அங்கிருந்த ராணுவ அதிகாரி ஷ்வார்ட்ஸ்கோப்பனுக்கு, வேண்டாத தாளைக் கிழித்துக் குப்பைக்கூடையில் போடும் பழக்கம். கூடையைக் காலி செய்வது பாஸ்தியானின் வேலை. கிழிந்த துண்டுகளை எரிக்காமல் பையில் சேர்த்து, பிரெஞ்சு ராணுவ உளவுப் பிரிவிடம் கொண்டுபோய்க் கொடுத்தார். தேவாலயத்தில் வைத்துப் பை கைமாறியதாகச் சொல்வார்கள். அந்தப் பக்கம் ஓர் அதிகாரி துண்டுகளை ஒட்டிப் படிப்பார். பூட்டை உடைக்கவில்லை, ஒட்டுக் கேட்கவில்லை. குப்பை கொட்டினார், அவ்வளவுதான்.

ஆக, வேலையாள் உள்ளாளாவது அவர் வர்க்கத்தாலோ குணத்தாலோ அல்ல. அவர் கை எதைத் தொடுகிறது என்பதால். இதை நினைவில் வைத்துக்கொண்டால் அடுத்து வரும் கதை எளிதாகப் புரியும்.

## அங்காராவில் ஒரு பணியாளர்

இரண்டாம் உலகப் போரில் துருக்கி வெகு காலம் எந்தப் பக்கமும் சேரவில்லை. அதனால் அங்காராவில் பிரிட்டிஷ் தூதரகமும் ஜெர்மன் தூதரகமும் ஒரே நேரத்தில் இயங்கிக்கொண்டிருந்தன. பிரிட்டிஷ் தூதர் சர் ஹியூ நாட்ச்புல்-ஹியூகெஸன். அவருடைய அந்தரங்கப் பணியாளராக 1943இல் சேர்ந்தவர் எலியேஸா பாஸ்னா. 1904இல் பிரிஷ்டினாவில் பிறந்தவர். காலையில் எழுப்புவது, குளிக்கத் தண்ணீர் தயார் செய்வது, உடுப்பை எடுத்து வைப்பது என்பவை அவர் வேலைகள்.

தூதருக்கு ஒரு பழக்கம் இருந்தது. தூதரகத்தின் ரகசிய ஆவணங்களைப் பெட்டியில் போட்டு வீட்டுக்கு எடுத்து வந்து இரவில் படிப்பார். தூங்க மாத்திரை போட்டுக்கொள்வார். அவர் குளித்துக்கொண்டிருக்கும்போது பாஸ்னா சாவியை மெழுகில் அழுத்தி அச்சு எடுத்துக்கொண்டார். அதற்கப்புறம் வேண்டியபோதெல்லாம் பெட்டியைத் திறந்தார். ஆவணங்களை லைக்கா கேமராவில் படம் பிடித்தார். பிறகு திரும்ப வைத்துவிட்டு, தூதரின் சட்டையை இஸ்திரி போடப் போய்விட்டார்.

1943 அக்டோபர் 26 அன்று இரவு ஜெர்மன் தூதரகத்துக்குப் போனார். அங்கே அவர் பார்த்த ஆள் தூதரக அதிகாரி யென்கே. இதில் ஒரு வேடிக்கை உண்டு. இதே யென்கேயிடம் பாஸ்னா முன்பு வேலை பார்த்திருக்கிறார். கடிதங்களைப் படிக்கிறார் என்ற சந்தேகத்தில் யென்கேதான் அவரை வேலையிலிருந்து எடுத்தார். அப்படிப்பட்டவரிடமே போய், இரண்டு ஃபிலிம் சுருளுக்கு 20,000 பவுண்டு கேட்டார். பெர்லின் ஒப்புக்கொண்டது. மோய்சிஷ் என்ற அதிகாரி நடத்துநர் ஆனார். இரவில் அவர் காரை மெதுவாக ஓட்டிக்கொண்டு வர, பாஸ்னா தெருவோரத்திலிருந்து ஏறிக்கொள்வார். ஜெர்மன் தூதர் ஃபான் பாப்பன் அவருக்கு வைத்த மறைபெயர் சிசரோ. பழைய ரோமப் பேச்சாளரின் பெயர். ஆவணங்கள் அவ்வளவு பேசினவாம்.

இங்கிருந்துதான் நமக்கு வேண்டிய பாடம் தொடங்குகிறது. கசிவு இருப்பது பிரிட்டனுக்கு எப்படித் தெரிந்தது? பாஸ்னாவின் முகத்தைப் பார்த்து அல்ல. ஜெர்மன் வெளியுறவு அமைச்சகத்தில் வேலை பார்த்த ஃபிரிட்ஸ் கோல்பே என்ற அதிகாரி, ஹிட்லரை வெறுத்தவர், அங்கிருந்து ஆவணங்களைச் சுவிட்சர்லாந்துக்குக் கடத்தி அமெரிக்க உளவு அதிகாரி ஆலன் டல்லஸிடம் கொடுத்துக்கொண்டிருந்தார். அந்த ஆவணங்களில் சிசரோவின் பெயர் வந்தது. அங்காராவிலுள்ள பிரிட்டிஷ் தூதரகத்திலிருந்து தாள்கள் போகின்றன என்பது தெளிவானது. ஒரு பக்கத்து உள்ளாள் மறு பக்கத்து உள்ளாளைக் காட்டிக் கொடுத்தார்.

1944 தொடக்கத்தில் லண்டனிலிருந்து ஆட்கள் வந்து விசாரித்தார்கள். வீட்டுப் பணியாளர்களையும் பார்த்தார்கள், பாஸ்னாவையும் பார்த்தார்கள். பார்த்துவிட்டு விட்டுவிட்டார்கள். அவர்கள் சொன்ன காரணம்: இவருக்கு ஆங்கிலம் வராது, இவ்வளவு மந்தமானவர் ஒற்றராக முடியாது. தூதரோடு அவர் பேசியது பிரெஞ்சில். ஆனால் கேமராவுக்கு ஆங்கிலம் எதற்கு? தாளை வெளிச்சத்தில் வைத்துப் பொத்தானை அழுத்த எந்த மொழியும் தெரிய வேண்டாம். "இவருக்குப் புரியுமா?" என்று கேட்ட இடத்தில் "இவர் கைக்கு எட்டுமா?" என்று கேட்டிருந்தால் விசாரணை அன்றைக்கே முடிந்திருக்கும்.

விசாரணைக்குப் பிறகு வீட்டில் பாதுகாப்பு இறுகியது. கொஞ்ச நாளில் பாஸ்னா தானாகவே வேலையை விட்டு விலகினார். யாரும் பிடிக்கவில்லை.

சரி, ஜெர்மானியர்களாவது பயன்படுத்திக்கொண்டார்களா? பெரிதாக இல்லை. அவர்களுக்கும் சந்தேகம், வேறு மாதிரிச் சந்தேகம். இவ்வளவு நல்ல சரக்கு இவ்வளவு எளிதாக வருகிறதே, பிரிட்டனே அனுப்பி வைத்த ஆளோ என்று ஜெர்மன் வெளியுறவு அமைச்சர் ரிப்பன்ட்ரோப் போன்றவர்கள் தயங்கினார்கள். ஆவணங்களில் 'ஓவர்லார்ட்' என்ற சொல் வந்திருந்தது. பிரான்சில் இறங்கும் நேச நாடுகளின் திட்டத்துக்கு வைத்த பெயர் அது. ஆனால் எங்கே, எந்த நாளில் என்பது அதில் இல்லை. பாஸ்னாவுக்குக் கொடுத்த பவுண்டு நோட்டுகளில் பெரும்பகுதி கள்ள நோட்டு. சாக்ஸன்ஹவுஸன் முகாமில் கைதிகளை வைத்து ஜெர்மனி அச்சடித்தது. போர் முடிந்த பிறகு இழப்பீடு கேட்டு மேற்கு ஜெர்மன் அரசுக்கு மனுப் போட்டுப் பார்த்தார். கிடைக்கவில்லை. 1970இல் மியூனிக்கில் இறந்தார்.

இதுவரை பார்த்ததைச் சுருக்கினால்: கசிவு தெரிந்தது எதிர்த்தரப்பின் தாள்களிலிருந்து. வாய்ப்பு கிடைத்தது தூதரின் பழக்கத்திலிருந்து. தப்பிக்க உதவியது விசாரித்தவர்களின் அலட்சியம். பாஸ்னாவின் சாமர்த்தியம் இதற்கெல்லாம் பிறகுதான் வருகிறது.

## ரோமில் நம்பிக்கை செய்த வேலை

மந்தமானவர் என்று நினைத்ததால் ஒருவர் தப்பினார். நல்லவர் என்று நினைத்ததால் தப்பியவரும் உண்டு. ரோமிலிருந்த பிரிட்டிஷ் தூதரகத்தில் 1920களிலிருந்தே பிரான்செஸ்கோ கான்ஸ்டான்டினி என்ற ஊழியர் ஆவணங்களை எடுத்து சோவியத் உளவுத் துறைக்கு விற்றுக்கொண்டிருந்தார். நேர்மையில்லை என்று 1931இல் அவரை வேலையை விட்டு எடுத்தார்கள். ஆனால் அதே தூதரகத்தில் ஏவலாளாக இருந்த அவர் தம்பி செகண்டோ தொடர்ந்து இருந்தார், தொழிலும் தொடர்ந்தது. இத்தாலிய உளவுத் துறைக்கும் பிரதி போனது. ஒரே தாளுக்கு இரண்டு வாடிக்கையாளர்.

1937 தொடக்கத்தில் தூதர் சர் எரிக் டிரம்மண்டின் மனைவியுடைய நெக்லஸ் ஒன்று தூதரகத்துக்குள்ளேயே காணாமல் போனது. லண்டனிலிருந்து வாலண்டைன் விவியன் என்ற எதிர் உளவு அதிகாரி வந்து பார்த்தார். எதிர் உளவு என்பது, அடுத்தவர் ஒற்றரைக் கண்டுபிடிக்கும் வேலை. தூதரகத்தின் பாதுகாப்பு படுமோசம் என்று எழுதிக் கொடுத்தார். செகண்டோ மீது சந்தேகம் இருப்பதையும் குறிப்பிட்டார். தூதர் நம்பவில்லை. நம்பாதது மட்டுமல்ல, அந்த வருடம் மே மாதம் லண்டனில் ஆறாம் ஜார்ஜ் முடிசூட்டு விழா நடந்தபோது, நீண்ட நாள் விசுவாசத்துக்குப் பரிசாக செகண்டோவையும் அவர் மனைவியையும் விருந்தாளிகளாக அனுப்பி வைத்தார்கள்!

"தேரான் தெளிவும் தெளிந்தான்கண் ஐயுறவும் தீரா இடும்பை தரும்" என்ற குறளை நாம் பெரும்பாலும் பின்பாதிக்காகத்தான் எடுத்துப் பேசுகிறோம், நம்பியவரைச் சந்தேகிக்காதே என்று. முன்பாதி ரோம் தூதருக்கானது. ஆராயாமலே நம்பிவிட்டால் வரும் துன்பமும் தீராத துன்பம்தான்.

## தவறான ஆள்

இப்போது பாரிஸுக்குத் திரும்புவோம். பாஸ்தியானின் குப்பைப் பையிலிருந்து வந்ததாகச் சொல்லப்பட்ட தாள்களில் ஒன்று, 1894 செப்டம்பரில் பிரெஞ்சு அதிகாரிகளை அதிர வைத்தது. பிரெஞ்சு ராணுவ ரகசியங்களை ஜெர்மானியருக்கு அனுப்புவதாக யாரோ எழுதிய கையெழுத்துப் பட்டியல் அது. கையொப்பம் இல்லை. ஆக, பிரெஞ்சு ராணுவத்துக்குள் ஓர் உள்ளாள்.

கேட்க வேண்டிய கேள்வி நேரானது. இந்தப் பட்டியலிலுள்ள விஷயங்கள் யார் யார் கைக்கு எட்டும்? அதைக் கேட்கத்தான் கேட்டார்கள், ஆனால் அவசரமாக, ஊகத்தில். பீரங்கிப் படையைப் பற்றி வருகிறது, அதனால் பீரங்கி அதிகாரி. தலைமையகத்தின் பல பிரிவுகளைப் பற்றி வருகிறது, அதனால் பிரிவு பிரிவாகப் போய்ப் பயிற்சி பெறும் இளம் அதிகாரி. அப்படிப்பட்டவர்களின் பட்டியலைப் பார்த்துக்கொண்டே வந்த கண் ஆல்ஃபிரட் டிரைஃபஸ் என்ற பெயரில் நின்றது. யூதர். அப்போது ஜெர்மனி வசமிருந்த அல்சேஸ் பகுதிக்காரர். கையெழுத்தும் கொஞ்சம் ஒத்துப்போகிறது என்றார்கள். அதற்கப்புறம் எந்தத் தாளைப் பார்த்தாலும் அதில் டிரைஃபஸ்தான் தெரிந்தார். அக்டோபர் 15 அன்று கைது, டிசம்பரில் ஆயுள் தண்டனை, பிறகு தென் அமெரிக்கக் கரையோரத்து டெவில்ஸ் தீவு.

1896இல் அதே குப்பை வழியாக இன்னொரு தாள் வந்தது. நீல நிறத் தந்தித் தாள், துண்டு துண்டாக. அதில் எஸ்டர்ஹாசி என்ற அதிகாரியின் பெயரும் முகவரியும் இருந்தன. உளவுப் பிரிவின் தலைவராக அப்போது இருந்த பிக்கார், எஸ்டர்ஹாசி எழுதிய சாதாரணக் கடிதங்கள் சிலவற்றை வாங்கிப் பழைய பட்டியலோடு வைத்துப் பார்த்தார். ஒரே கை. உண்மை வெளியே வந்தும் அதை ஒப்புக்கொள்ள ராணுவத்துக்கு மனம் வரவில்லை. பிக்காரை வேறு ஊருக்கு மாற்றினார்கள். டிரைஃபஸ் குற்றமற்றவர் என்று நீதிமன்றம் முடிவாகச் சொன்னது 1906இல்தான்.

ஒரே கதையில் இரண்டு பக்கத்தையும் பாருங்கள். ஜெர்மன் தூதரகத்தில் உண்மையான உள்ளாள் தினமும் துடைப்பத்தோடு நடமாடினார், அவர்மேல் கண் போகவில்லை. பிரெஞ்சு ராணுவத்தில் ஒன்றும் செய்யாதவர்மேல் எல்லாக் கண்ணும் போனது. ஒருவரை மட்டமாக எடைபோட்டதால் விட்டார்கள், இன்னொருவரை அந்நியராகப் பார்த்ததால் பிடித்தார்கள். இரண்டு இடத்திலும் அவர்கள் பார்த்தது ஆளைத்தான்.

## அடையாளங்கள் ஏன் ஏமாற்றும்: ஒரு சின்னக் கணக்கு

"சந்தேகத்துக்கு இடமான நடத்தை இருந்தால் பிடிக்க வேண்டியதுதானே?" என்று கேட்கலாம். கணக்குப் போட்டுப் பார்ப்போம். எண்கள் கற்பனை, கணக்கு நிஜம்.

ஒரு தூதரகத்தில் வேலையாட்கள் 40 பேர். அதில் ஒருவர் உள்ளாள். நாம் பார்க்கும் அடையாளம்: வேலையில்லாத நேரத்தில் படிப்பறைப் பக்கம் நடமாட்டம். உள்ளாளிடம் இது நிச்சயம் இருக்கும் என்றே வைத்துக்கொள்வோம். மற்றவர்களில் பத்துப் பேருக்கு ஒருவரிடமும் இருக்கும். ஒருவர் மறந்த துடைப்பத்தை எடுக்க வருவார், ஒருவர் அங்கே மறைவாக பீடி குடிக்க வருவார், ஒருவருக்கு அந்தப் பக்கத்தில் காதலி இருப்பார். மீதி 39 பேரில் பத்தில் ஒருவர் என்றால் ஏறக்குறைய 4 பேர். ஆக வலையில் விழுவது 5 பேர், அதில் 4 பேர் அப்பாவிகள்.

இன்னும் மோசமானது ஒன்று இருக்கிறது. அந்த வீட்டில் உள்ளாளே இல்லை என்று வையுங்கள். அப்போதும் வலையில் 4 பேர் விழுவார்கள்! பார்ப்பவருக்கு எந்த வித்தியாசமும் தெரியாது. "நான்கு பேர்மேல் சந்தேகம் இருக்கிறது" என்பதே ஒற்றர் இருப்பதற்கான சாட்சியாக மாறிவிடும். தேடும் பொருள் மொத்தக் கூட்டத்தில் எவ்வளவு அபூர்வம் என்பதை அடிப்படை விகிதம் என்பார்கள். அது மிகக் குறைவாக இருக்கும் இடத்தில் ஓரளவு நல்ல அடையாளமும் அப்பாவிகளைத்தான் அதிகம் பிடித்துத் தரும். பதற்றமாக இருக்கிறார், புதுச் செருப்பு போட்டிருக்கிறார், கண்ணைப் பார்த்துப் பேசவில்லை என்பவையெல்லாம் நல்ல அடையாளம்கூட இல்லை. எஜமானர் விசாரணைக்குக் கூப்பிட்டால் வேலை போய்விடுமோ என்று யாருக்குத்தான் கை நடுங்காது?

## அப்படியானால் எப்படித் தேடுவது

தாளிலிருந்து தொடங்கி ஆளுக்கு வர வேண்டும். முதலில், கசிந்தது எது என்று உறுதி செய்துகொள்ள வேண்டும். "ரகசியம் போய்விட்டது" என்றால் போதாது. எந்த ஆவணம், எந்தத் தேதியில் எழுதியது, திருத்தத்துக்கு முந்தைய பிரதியா பிந்தையதா என்பது வரை போக வேண்டும். எதிர்த்தரப்பிடம் இருப்பது முந்தைய வரைவு என்றால், இறுதிப் பிரதியை மட்டும் தொட்டவர்கள் அத்தனை பேரும் அந்த நிமிடமே பட்டியலிலிருந்து விலகிவிடுகிறார்கள். ஒருவரையும் கூப்பிட்டு மிரட்டாமலே.

பிறகு அந்தத் தாள் எங்கெல்லாம் தங்கியது என்று தேட வேண்டும். தட்டச்சு மேசை, பெட்டி, கார், படுக்கையறை. ஒவ்வோர் இடத்திலும் எவ்வளவு நேரம், சாவி யாரிடம். அங்காராவில் இதைப் பொறுமையாகச் செய்திருந்தால், ஆவணம் எல்லாம் இரவில் தூதர் வீட்டில் தூங்கியிருக்கின்றன என்பதும், அந்த அறைக்குள் கேட்காமல் நுழையக்கூடியவர் யார் என்பதும் தானாக வந்து நின்றிருக்கும். இந்த வேலையில் சுவாரசியமே கிடையாது. பதிவேடும் கடிகாரமும் வைத்துக்கொண்டு உட்கார்ந்து செய்ய வேண்டியது. அதனாலேயே பலர் இதைத் தாண்டி நேராக முகம் பார்க்கப் போய்விடுகிறார்கள்.

அப்புறம் தூண்டில் தகவல். ஒரு வழியில் மட்டும் போகும்படி அடையாளம் வைத்த செய்தி ஒன்றை அனுப்பிவிட்டு, அது எங்கே தலைகாட்டுகிறது என்று பார்ப்பது. 1942 மே மாதம் அமெரிக்கக் கடற்படை இதைச் செய்தது, ஆளைப் பிடிக்க அல்ல, ஜப்பானியர் தங்கள் செய்திகளில் 'ஏஎஃப்' என்று எழுதும் இடம் எது என்று அறிய. மிட்வே தீவில் நன்னீர் இயந்திரம் பழுது என்று வேண்டுமென்றே மறைக்காமல் ஒரு செய்தி அனுப்பினார்கள். சில நாளில் 'ஏஎஃப்-இல் தண்ணீர்ப் பஞ்சம்' என்று ஜப்பானியச் செய்தி ஒன்றைப் படித்தார்கள். சந்தேகம் தீர்ந்தது. வீட்டுக்குள் செய்யும்போதும் முறை இதேதான். படிப்பறையில் ஒரு தேதி, காரில் வேறு தேதி. எந்தத் தேதி வெளியே வருகிறதோ அந்த வழியில்தான் ஓட்டை. இதில் ஒரு நல்ல விஷயம், சோதிக்கப்படுவது வழிதான், மனிதர் அல்ல. ஓட்டை இல்லையென்றால் யாருக்கும் அவமானம் இல்லாமல் முடிந்துவிடும்.

கடைசியாக, ஒரே சாட்சியை நம்பி முடிவெடுக்கக் கூடாது. ஒற்றர் கொண்டு வந்த செய்தியை இன்னோர் ஒற்றரால் சரிபார்க்கச் சொன்ன வள்ளுவர், "உடன்மூவர் சொற்றொக்க தேறப் படும்" என்று எண்ணிக்கையும் சொல்லிவிட்டார். அதே குறளில், அந்த மூவரும் ஒருவரை ஒருவர் அறியாமல் இருக்க வேண்டும் என்றும் நிபந்தனை வைக்கிறார். அந்த நிபந்தனைதான் முக்கியம். ஒரே சமையலறையில் மூன்று பேர் ஒரே வதந்தியைச் சொன்னால் அது மூன்று சாட்சி அல்ல, ஒன்றுதான்.

அங்காரா விவகாரம் 1950 அக்டோபரில் பிரிட்டிஷ் நாடாளுமன்றத்தில் கேள்வியாக எழுந்தது. வெளியுறவு அமைச்சர் எர்னஸ்ட் பெவின் சொன்ன பதிலின் சாரம்: தூதரின் பணியாளர் ஆவணங்களைப் படம் பிடித்தது உண்மைதான். ஆனால் ரகசிய ஆவணங்களை வைத்துக்கொள்வது பற்றிய விதிகளைத் தூதர் கடைப்பிடித்திருந்தால் அது நடந்திருக்காது. பணியாளரின் குணத்தைப் பற்றியெல்லாம் பேசவில்லை. பெட்டி இருக்கக் கூடாத இடத்தில் இருந்தது என்றார். தாளைத் துரத்தினால் போய் நிற்கும் இடம் பல சமயம் எஜமானரின் மேசைதான் என்பதால், இந்த முறை எஜமானர்களுக்கு அவ்வளவாகப் பிடிப்பதில்லை.

## ஒட்டுக் கேட்டது சுவர் என்றால்?

மாஸ்கோவில் அமெரிக்கத் தூதரின் வீட்டு வேலையாட்களில் பலர் அப்போது சோவியத் நாட்டவர்கள், அரசு நிறுவனம் ஒன்று அனுப்பி வைத்தவர்கள். அவர்கள் கேட்டதைச் சொல்வார்கள் என்பது தூதர்களுக்குத் தெரிந்த விஷயம். அவர்கள் முன்னால் பேசாமல் இருந்தால் போதும் என்று நினைத்தார்கள். 1945 ஆகஸ்டில் சோவியத் பள்ளிப் பிள்ளைகள் அன்பளிப்பாக, மரத்தில் செதுக்கிய அமெரிக்க அரசு முத்திரை ஒன்றைக் கொடுத்தார்கள். அழகான வேலைப்பாடு. அது தூதர் வீட்டின் படிப்பறைச் சுவருக்குப் போனது. அதற்குள் மின்கலமே இல்லாத ஒலிவாங்கி ஒன்று இருந்தது. வெளியிலிருந்து ரேடியோ அலையைப் பாய்ச்சினால் மட்டும் உயிர் பெறும். 1952 வரை யாருக்கும் தெரியாது. தூதர் ஜார்ஜ் கென்னனைப் படிப்பறையில் உட்கார்ந்து பழைய அறிக்கை ஒன்றைச் செயலாளருக்குச் சத்தமாக வாசிக்கச் சொல்லி, அவர் வாசித்துக்கொண்டிருக்கும்போதே கருவிகளோடு தேடித்தான் கண்டுபிடித்தார்கள். அந்த ஏழு வருடத்தில் அந்த அறையிலிருந்து வெளியே போனதற்கெல்லாம் தேநீர் கொண்டு வந்தவரைக் குற்றம் சொல்லியிருந்தால் எவ்வளவு அநியாயம்!

1986இல் இரு நாடுகளும் மாற்றி மாற்றித் தூதரக ஆட்களை வெளியேற்றின. அக்டோபரில் சோவியத் அரசு மாஸ்கோவிலிருந்த அமெரிக்கத் தூதரகத்திலிருந்து தன் ஊழியர்கள் ஏறக்குறைய 260 பேரைத் திரும்ப அழைத்துக்கொண்டது. சமைக்க, கார் ஓட்ட, தரை துடைக்க ஆளில்லை. அமெரிக்க அதிகாரிகளே முறை வைத்துக் கழிப்பறை கழுவினார்கள். உள்ளூர்க்காரர்கள் போய்விட்டார்கள், இனிப் பாதுகாப்பு என்று மூச்சு விட்டவர்களும் இருந்தார்கள்.

இரண்டு மாதம்கூட ஆகவில்லை. அந்தத் தூதரகத்துக்குக் காவல் நின்ற அமெரிக்கக் கடற்படைக் காலாட்படை சார்ஜன்ட் கிளேட்டன் லோன்ட்ரீ, சோவியத் உளவுத் துறைக்குத் தகவல் கொடுத்ததை டிசம்பரில் தானே ஒப்புக்கொண்டார். அவர் காதலித்த பெண் அதே தூதரகத்தில் வேலை பார்த்த சோவியத் ஊழியர். 1987 ஆகஸ்டில் ராணுவ நீதிமன்றம் அவருக்குத் தண்டனை விதித்தது. வேலையாட்கள்மேல் இருந்த சந்தேகம் முழுப் பொய்யில்லை, தூண்டில் அந்தப் பக்கத்திலிருந்துதான் வந்தது. ஆனால் தகவலைக் கொடுத்தவர் காவலர். வேலையாட்கள் வீட்டுக்குப் போன பிறகும் இரவெல்லாம் கட்டடத்துக்குள் இருந்தவர் அவர்தான்.